பதினான்கும் பதினேழும் பன்னிரண்டும்

காலை எட்டு மணி இருபது நிமிடம். முதலில் தெரிந்தது ஒரு குடை.

பனி தேயிலைச் செடிகளின் மேல் இடுப்பளவுக்கு மேலாகத் தேங்கி நின்றது. அதற்கு மேலே கறுப்புக் குடை மட்டும், பிடித்திருப்பவர் யாருமில்லாதது போல, மலையேறி வந்துகொண்டிருந்தது. வாய்க்கால் வளைவில் குடைக்குக் கீழே ஒரு தொப்பி முளைத்தது. தொப்பிக்குக் கீழே மூக்குக்கண்ணாடி. குடையும் பிடித்துத் தொப்பியும் போட்டிருந்தவர் வித்தியாதரிசி சின்னத்துரை. பாடசாலைப் பரிசோதனைக்கு வந்துகொண்டிருந்தார். பனியை அவர் நம்பவில்லை. குடையையும் முழுதாக நம்பவில்லை.

இப்படித் தொடங்குவது பத்திரிகைப் பழக்கம். ஆசிரியர் வேலையோடு, ஹட்டனிலிருந்து கொழும்புப் பத்திரிகை ஒன்றுக்குப் பல வருடம் செய்தி அனுப்பி வந்தேன். முதலில் கண்டதை முதலில் எழுது என்பது அங்கே விதி. நினைத்ததை எழுதினால் வெட்டிவிடுவார்கள்.

ஓய்வு பெற்ற பிறகு அண்மையில் ஹட்டனில் இளம் ஆசிரியர்களின் கூட்டமொன்றுக்குப் போயிருந்தேன். புதிய கணக்குப் புத்தகத்தில் தேயிலையும் கொழுந்தும் வருகின்றன என்று மகிழ்ந்து பேசினார்கள். ஒரு பெண் எழுந்து, "உங்க காலத்துல தோட்டப் பள்ளிக்கூடத்துலயும் மாம்பழக் கணக்குத்தானாமே, சேர்? ஏன் கொழுந்த வச்சுக் கணக்குப் போடல?" என்று கேட்டார். ஒரு தடவை போட்டோம் என்றேன். அங்கே நேரமில்லை. மிச்சத்தை இங்கே எழுதுகிறேன்.

நான் ஹட்டன் கடைத்தெருவில் பிறந்தவன். அப்பா துணிக்கடைச் சிற்றாள். எஸ்.எஸ்.சி. முடித்து, கண்டியில் சில வாரப் பயிற்சி பெற்று, ஐம்பதுகளின் தொடக்கத்தில் அக்கரப்பத்தனைப் பக்கத்துத் தோட்டமொன்றின் பாடசாலைக்குத் தற்காலிக ஆசிரியராகப் போனேன். பயிற்சியில் கற்றவற்றில் ஒன்றுதான் நினைவில் நின்றது. எங்கள் விரிவுரையாளர் சொன்னார்: "அந்தப் பிள்ளைகள் விடிந்தால் தேயிலை, பொழுது சாய்ந்தால் தேயிலை. கணக்கிலாவது வேறு எதையாவது பார்க்கட்டும்." ஆகவே மாம்பழம், துணி, பாய்மரக் கப்பல். அந்த உயரத்தில் மாமரம் வளராது. கப்பலைப் பற்றிச் சொல்லவே வேண்டாம்.

பாடசாலை என்பது தகரக் கூரை போட்ட ஒரே மண்டபம். ஐந்து வகுப்பு, ஒரு வாத்தியார். மழை பிடித்துவிட்டால் தகரத்தின் சத்தத்தில் வாய்ப்பாடு சொல்ல முடியாது. உடனே வசனக் கணக்கைக் கரும்பலகையில் எழுதிவிடுவேன். அங்கே மழைக்குக் குறைவில்லை. என் பிள்ளைகள் வசனக் கணக்கில் தேறியதில் வானத்துக்கும் பங்குண்டு.

ஆனால் புத்தகம் எதிர்பார்த்த விதத்தில் அவர்கள் தேறவில்லை. ஒரு தொட்டியை ஒரு குழாய் மூன்று மணி நேரத்தில் நிரப்பும், இன்னொன்று ஆறு மணி நேரத்தில் நிரப்பும், இரண்டையும் திறந்தால் எப்போது நிரம்பும் என்று கேட்டேன். ஐந்தாம் வகுப்புப் பாக்கியம் கையை உயர்த்தினாள்.

"பீலிக்கரையில முன்னுக்கு நிக்கிறது யாருங்க, சேர்?"

"யாரும் நிற்கவில்லை. தொட்டி மட்டும்தான்."

"ஆளே இல்லாத பீலியா?" என்றாள், என் உடல்நிலையைப் பற்றிக் கவலைப்படும் குரலில்.

மற்றொரு நாள், ஆறு பேர் நான்கு நாளில் வெட்டும் தண்ணீர்க் கானைப் பன்னிரண்டு பேர் எத்தனை நாளில் வெட்டுவார்கள் என்றேன். வகுப்பே சேர்ந்து நான்கு நாள் என்றது. விகிதத்தைக் கரும்பலகையில் வரைந்து, ஆட்கள் இரண்டு மடங்கானால் நாட்கள் பாதியாகும் என்று விளக்கினேன். பொறுமையாகக் கேட்டார்கள். கடைசியில் முத்துவேல் என்பவன் எனக்காக இரங்கி எழுந்தான்.

"ஆள் கூடினா கங்காணி கானையும் நீட்டிருவாருங்க, சேர்."

விடை இரண்டு நாள் என்று எழுதச் சொன்னேன். எழுதினார்கள். நம்பினார்கள் என்று சொல்ல மாட்டேன். புத்தகத்தில் இருப்பது ஓர் உலகம், அங்கே பீலியில் தண்ணீருக்கு வரிசை கிடையாது, கங்காணி கிடையாது, மாம்பழம் மட்டும் நிறைய உண்டு என்பதைக் கொஞ்சம் கொஞ்சமாக ஏற்றுக்கொண்டார்கள். அந்த ஏற்பாட்டில் எல்லோரும் சுகமாகவே இருந்தோம்.

வித்தியாதரிசியைப் பற்றிச் சொல்ல வேண்டும். சின்னத்துரை யாழ்ப்பாணத்துக்காரர். தேயிலைத் தோட்டம் தோட்டமாக ஏறி இறங்குகிறவர் தேநீர் குடிக்கமாட்டார். வெந்நீர்ப் போத்தலில் கோப்பி கொண்டு வருவார். யாரையும் அதட்டியதில்லை. பிள்ளையின் விடை சரியென்றால் "ம்" என்பார். பிழையென்றால் "சந்தோசம்" என்பார். ஒரு பரிசோதனையில் எத்தனை தரம் சந்தோசப்பட்டார் என்பதைக் கொண்டு அந்த வாத்தியாரின் எதிர்காலத்தைச் சொல்லிவிடலாம் என்று ஆசிரியர்களிடையே பேச்சு.

என் எதிர்காலம் அன்றைக்குத்தான் தீர்மானமாக வேண்டியிருந்தது. அவருடைய அறிக்கை நன்றாக இருந்தால் என் நியமனம் நிரந்தரமாகும். இல்லாவிட்டால் பெட்டியைக் கட்டிக்கொண்டு துணிக்கடைக்குத் திரும்ப வேண்டியதுதான். என் இடத்துக்கு ஆள் தயாராகவே இருந்தார். தோட்டத்துப் பெரிய கிளாக்கரின் மைத்துனர், படிப்பு முடித்துவிட்டு, கிளாக்கர் வீட்டில் மூன்று வேளையும் சாப்பிட்டுக்கொண்டிருந்தார்.

பரிசோதனை நாளில் நிர்வாகத்தின் சார்பில் ஒருவர் கூட இருப்பது வழக்கம். வந்து உட்கார்ந்தவரும் பெரிய கிளாக்கர்தான். என்னைப் பார்த்து மிக அன்பாகச் சிரித்தார்.

வேலை ஓர் ஒழுங்கில் நடக்கும். முதலில் இடாப்பில் பெயர் கூப்பிட்டுத் தலைகளை எண்ணுவது. அடுத்து நகம். அடுத்து வாசிப்பு. கணக்கு எப்போதும் கடைசி. நான்காம், ஐந்தாம் வகுப்புப் பிள்ளைகளை இரண்டு வரிசையாக, முதுகோடு முதுகு ஒட்ட நிறுத்துவார். கேள்வியை இரண்டு தரம் வாசிப்பார். மூன்றாம் தரம் கெஞ்சினாலும் வாசிக்கமாட்டார். பிள்ளைகள் சிலேட்டில் செய்து முடித்ததும், "கவிழ்" என்பார். எல்லாச் சிலேட்டும் ஒரே சமயத்தில் நெஞ்சோடு கவிழும். பிறகு கையில் வெண்கட்டியோடு வரிசையில் நடந்து, ஒவ்வொரு சிலேட்டாகத் திருப்பச் சொல்லி, மூலையில் அடையாளம் போடுவார். அவ்வளவு நேரமும் ஆசிரியர் கரும்பலகையின் பக்கத்தில், கைகளைப் பின்னால் கட்டிக்கொண்டு நிற்கவேண்டும்.

நின்றேன். எனக்கு அன்றைக்குத் தடிமன் வேறு. அடக்கி அடக்கிப் பார்த்தும் இருமல் வந்துகொண்டிருந்தது.

முதற் கணக்கு மாம்பழம். வரிசை முழுவதும் "ம், ம், ம்" என்று போய் முடிந்தது. இரண்டாவது துணி. அதுவும் "ம்". பெரிய கிளாக்கர் கைக்கடிகாரத்தைப் பார்த்தார்.

மூன்றாவதை வாசிக்கப் புத்தகத்தைப் பிரித்த சின்னத்துரை, என்ன நினைத்தாரோ, மூடிவிட்டார். "பாய்க்கப்பலும் கடலும் இந்தப் பிள்ளையளுக்கு என்னத்துக்கு?" என்றார் எங்களைப் பார்த்து. "இவையின்ரை கணக்காய் ஒண்டு குடுப்பம்." அவ்வளவு நல்ல மனதோடு செய்த காரியம் வேறு எதையும் அன்றைக்கு நான் பார்க்கவில்லை.

கணக்கு இதுதான். ஒரு பெண் காலையில் பதினான்கு இறாத்தல், பகலில் பதினேழு இறாத்தல், பின்னேரம் பன்னிரண்டு இறாத்தல் கொழுந்து பறித்தாள். மூன்று வேளைக்கும் சேர்த்துக் கணக்கப்பிள்ளை அவள் பெயரில் எத்தனை இறாத்தல் எழுதுவார்?

நாற்பத்து மூன்று. கூட்டத் தெரிந்த எவருக்கும் அதுதான் விடை. பிள்ளைகளின் முகம் மலர்ந்தது. சிலேட்டுக் குச்சிகள் பறந்தன. கவிழ்க்கச் சொல்லும்முன்பே பாதிப் பேர் கவிழ்த்துவிட்டார்கள். நான் இருமினேன், நிம்மதியாக.

முதல் சிலேட்டைத் திருப்பியவர், "சந்தோசம்" என்றார்.

இரண்டாவதற்கும் சந்தோசம். மூன்றாவதற்கும். ஒருவர் இவ்வளவு சந்தோசப்பட்டு நான் பார்த்ததில்லை. வரிசை முடிந்து, மறு வரிசையும் முடிந்து, பத்தொன்பது சிலேட்டிலும் பெருக்கற்குறி விழுந்தது. ஒருவர்கூட நாற்பத்து மூன்று எழுதவில்லை. பதினைந்து பேர் முப்பத்து நான்கு எழுதியிருந்தார்கள். நான்கு பேர் முப்பத்தேழு.

சின்னத்துரை வெண்கட்டியை மேசையில் வைத்து, கையைத் துடைத்தார்.

"என்ன காணும், மாஸ்டர். பிழை விடுறது பிள்ளையளின்ரை இயல்பு. ஒவ்வொண்டும் ஒவ்வொரு பிழை விடவேணும். பதினைஞ்சு பேர் ஒரே பிழையை விட்டால் அது பிழையில்லை. ஆரோ சொல்லிக் குடுத்திருக்கினம்."

"நான் இந்த இடத்தைவிட்டு அசையவில்லை, ஐயா."

"அசையேல்லை. கண்டனான்."

அப்போது பெரிய கிளாக்கர் தொண்டையைச் செருமினார். "நான் சொல்லக் கூடாதுங்க, ஐயா. ஆனா பாத்துக்கிட்டே இருந்தேன். வாத்தியாரு மூணு தடவ இருமினாரு. அப்புறம் கொஞ்சம் விட்டு நாலு தடவ இருமினாரு."

மூன்று, நான்கு. முப்பத்து நான்கு. தகரக் கூரையில் தண்ணீர் சொட்டுகிற சத்தம் கேட்டது. இப்போது இருமல் வந்துவிடக் கூடாதே என்று நான் மூச்சைப் பிடித்துக்கொண்டேன். பிடித்ததால் வந்துவிட்டது. எண்ணாமல் இருமினேன்.

சின்னத்துரை அறிக்கைத் தாளை எடுத்து, பேனா மூடியைக் கழற்றினார். எழுதவில்லை. யோசித்தார்.

"அப்ப, கிளாக்கர், முப்பத்தேழுக்கு ஆர் இருமினது?"

பேனா மூடி திரும்பவும் ஏறியது. அந்தச் சின்ன 'டக்' சத்தம் இன்னும் என் காதில் இருக்கிறது.

சின்னத்துரை பாக்கியத்தைக் கூப்பிட்டார். "பிள்ளை, இஞ்சை வாரும். முப்பத்து நாலு எப்பிடி வந்தது? பயப்பிடாமல் செய்து காட்டும்."

பாக்கியம் பயப்படவில்லை. கரும்பலகையில் எழுதினாள். பதினான்கில் மூன்று போகப் பதினொன்று. பதினேழில் மூன்று போகப் பதினான்கு. பன்னிரண்டில் மூன்று போக ஒன்பது. கூட்டினால் முப்பத்து நான்கு. கோடு போட்டு, கையிலிருந்த தூளைத் தட்டி நின்றாள்.

"மூண்டை ஏன் கழிச்சனீர்?"

"கூடைக்குங்க, சேர்."

"நான் கூடையெண்டு சொன்னனானோ?"

"கூடை இல்லாம கொழுந்த எப்புடிங்க சேர் நிறுப்பாங்க? மடியிலயா கொண்டு போவாங்க?"

வகுப்பு சிரித்தது. சின்னத்துரை சிரிக்கவில்லை. ஆனால் மூக்குக்கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார்.

ஹட்டன் கடைத்தெருவில் பிறந்தவனுக்கு மடுவம் என்றால் கொழுந்து நிறுக்கும் கொட்டில் என்பது வரைக்கும்தான் தெரியும். ஒரு நாளில் மூன்று தரம் அங்கே தராசில் கூடையைத் தொங்கவிடுவதும், முள் காட்டுகிறதில் கூடைக்கென்று ஒரு தொகையைக் கழித்துக் கணக்கப்பிள்ளை உரத்துச் சொல்வதும், தாய்க்குத் தேநீர் கொண்டுபோகிற ஒவ்வொரு பிள்ளையும் அதைக் கேட்டபடி நிற்பதும் எனக்குத் தெரியாது. கணக்கப்பிள்ளை எத்தனை எழுதுவார் என்று சின்னத்துரை கேட்டார். கணக்கப்பிள்ளை எழுதுவதைத்தான் அவர்கள் சொன்னார்கள்.

"அப்ப கூடையின்ரை நிறை மூண்டு இறாத்தலோ?"

"அது தெரியாதுங்க, சேர். கழிக்கிறது மூணு."

பெரிய கிளாக்கர் இருமினார். இந்த முறை யாரும் எண்ணவில்லை.

"முப்பத்தேழு எழுதினவை ஆர்?" நான்கு கைகள் உயர்ந்தன. நால்வரும் தோட்டத்தின் கீழ்ப் பிரிவான கீழ் டிவிசனிலிருந்து ஏறி வருகிற பிள்ளைகள். அவர்களில் முத்துவேலும் ஒருவன்.

"நீர் எவ்வளவு கழிச்சனீர்?"

"ரெண்டுங்க, சேர். எங்க மடுவத்துல ரெண்டுதான்."

அதுவரை ஒழுங்காக இருந்த வரிசைகள் அந்த ஒரு சொல்லில் உடைந்தன. முதுகோடு முதுகு நின்றவர்கள் முகத்தோடு முகம் திரும்பினார்கள்.

"என்னடா ரெண்டு? பொய் சொல்றான், சேர்!"

"ரெண்டுதான்டி! வேணும்னா எங்க சின்னம்மாகிட்ட கேளு."

"அங்க ரெண்டாமே! எங்களுக்கு மட்டும் மூணா?"

"நான் போய் எங்கம்மாகிட்ட சொல்லப் போறேன்," என்றாள் பாக்கியம், வித்தியாதரிசியிடம் அனுமதி கேட்காமலே.

"அமைதி" என்று நான் மேசையைத் தட்டினேன். பயனில்லை. பெரிய கிளாக்கர் நாற்காலியைச் சின்னத்துரையின் பக்கமாக இழுத்துப் போட்டுக்கொண்டார். முகத்தில் அன்பு குறைந்திருந்தது.

"அது வந்துங்க, ஐயா, மேல் டிவிசன்ல பனி கூடுதலுங்க. கொழுந்துல ஈரம் நிக்கும்."

"ஈரத்துக்கோ கழிக்கிறியள்? பிள்ளை கூடைக்கெண்டெல்லோ சொன்னது."

"கூடையும் நனையுமுங்களே."

"ஓமோம்," என்றார் சின்னத்துரை.

கிளாக்கர் என் பக்கம் திரும்பினார். "வாத்தியாரே, பிள்ளைகளுக்கு இந்த மாதிரிக் கணக்கெல்லாம் நீங்கதான் பழக்கிக் குடுக்குறீங்களா?"

அந்தக் கேள்வியின் பொருள் எனக்கு விளங்கியது. என் சம்பளத்தில் ஒரு பங்கு தோட்டத்துக் காசு. சற்று முன்புவரை நான் களவாக விடை சொல்லிக் கொடுத்தவன். இப்போது தோட்டத்தின் தராசில் குற்றம் கண்டுபிடிக்கப் பழக்குகிறவன். இரண்டில் எதற்குப் பெட்டி கட்டினாலும் பெட்டி ஒன்றுதான்.

"நான் மாம்பழத்தைத் தவிர வேறெதுவும் கொடுத்ததில்லைங்க," என்றேன். என் ஆசிரிய வாழ்க்கையில் அவ்வளவு உறுதியாகச் சொன்ன வாக்கியம் வேறில்லை.

"கணக்குக் குடுத்தது நான்," என்றார் சின்னத்துரை. வெந்நீர்ப் போத்தலைத் திறந்து கோப்பியை ஊற்றி, ஒரு வாய் குடித்தார். பிறகு அறிக்கைத் தாளை மேசையின் நடுவில், கிளாக்கருக்கும் தெரியும்படி வைத்தார்.

"கிளாக்கர், எனக்கு ஒரு சிக்கல். இந்தக் கணக்குக்கு விடை நாற்பத்து மூண்டு. பிள்ளையள் எல்லாம் பிழையெண்டு நான் எழுதலாம். எழுதினால், ஏன் பிழையெண்டு காரணமும் எழுதவேணும். கொழுந்திலை மூண்டு கழிச்சது பிழையெண்டு எழுதுவன். தாள் கல்விக் கந்தோருக்குப் போகும், தோட்டத்துத் துரைக்கும் ஒரு பிரதி வரும்."

கிளாக்கர் தலையை அசைத்தார்.

"இல்லை, பிள்ளையள் செய்தது சரியெண்டு எழுதலாம். அப்ப பதினாலும் பதினேழும் பன்னிரண்டும் மேலை முப்பத்து நாலு, கீழை முப்பத்தேழு எண்டு அரசாங்கத்தின்ரை பேரிலை நான் கையெழுத்து வைக்கவேணும். அதுவும் துரைக்குப் போகும். உங்களுக்கு எது வசதி?"

பெரிய கிளாக்கர் கரும்பலகையைப் பார்த்தார். பாக்கியத்தின் மூன்று கழித்தல்களும் அங்கே வரிசையாக, அழகான கையெழுத்தில் நின்றன. மைத்துனரை நினைத்தாரா, துரையை நினைத்தாரா என்பது எனக்குத் தெரியாது.

"அந்தக் கணக்க விட்டுருங்களேன், ஐயா," என்றார்.

"நீங்கள் கேட்டதாலை விடுறன்," என்றார் சின்னத்துரை. "மாஸ்டரும் சாட்சி."

மூன்றாம் கேள்வியின் மேல் நேரான கோடு ஒன்று போட்டார். மிச்சம் இருந்தவை மாம்பழமும் துணியும். இரண்டிலும் எல்லோரும் சரி. பத்தொன்பது பேரும் சித்தியடைந்தார்கள். அறிக்கையில் கிளாக்கரும் கையெழுத்திட்டார். கரும்பலகையை யாரும் சொல்லாமலே அவரே அழித்தார்.

பத்தே முக்காலுக்குப் பனி கலைந்துவிட்டது. சின்னத்துரையை வாய்க்கால் வளைவு வரை கொண்டுபோய் விட்டேன். நன்றி சொல்லத் தொடங்கினேன். கையை உயர்த்தி நிறுத்தினார்.

"நல்ல காலம், காணும். சம்பளத்திலை ஒரு கணக்குக் குடுப்பமோ எண்டு முதலிலை யோசிச்சனான்."

குடையை விரித்தார். வெயிலையும் அவர் நம்பவில்லை. தேயிலைக்கு மேலே குடை இறங்கிப் போவதைப் பார்த்துக்கொண்டு நின்றேன். அதன் பிறகு நான் அந்தத் தோட்டத்தில் இருந்த காலம் முழுவதும் மாம்பழம், துணி, பாய்மரக் கப்பல்தான். கூட்டத்தில் கேட்ட அந்தப் பெண்ணுக்கு இதுதான் பதிலின் முதற் பாதி.

பாக்கியம் சொன்னபடி தாயிடம் சொல்லிவிட்டாள். மறுநாள் காலை நிறுவையின்போதே மேல் மடுவத்தில் பெண்கள் கூடையை இறக்காமல் நின்றார்களாம். "ஒரே தோட்டம், ஒரே கூடை. அங்க ஒரு கழிவு, இங்க ஒரு கழிவா? ரெண்டு எடத்துலயும் ஒண்ணா வைங்க" என்று பாக்கியத்தின் தாய் கேட்டிருக்கிறார். கணக்கப்பிள்ளை கிளாக்கரிடம் போனார். கிளாக்கர் துரையிடம் போனார். கேட்பதில் நியாயம் இருப்பதாகத் துரை சொன்னார் என்று பாடசாலைக்குச் செய்தி வந்தது. அன்றைக்குப் பிள்ளைகள் என் மேசையில் ஒரு குவளை காட்டுப்பூ வைத்திருந்தார்கள்.

மாதக் கடைசியில் என் நியமனம் நிரந்தரமானது. அதே வாரம் இரண்டு மடுவங்களிலும் கழிவை ஒன்றாக்கினார்கள். கீழ் டிவிசனிலும் மூன்று.